மூன்றே காலுக்கு வரும் சம்மதம்

ஜப்பானில் சினிமாப் படங்கள் ஊமையாக இருந்து, திரைக்குப் பக்கத்தில் ஓர் ஆள் நின்று அவற்றுக்கு வாய் கொடுத்துக்கொண்டிருந்த காலத்தில், மினோசே என்ற ஆற்றங்கரை ஊரில் பெண் பார்க்கப் போன எந்த வீட்டிலும் பெண் தன் குரலில் சம்மதம் சொன்னதில்லை. ஆனால் சம்மதம் தவறாமல் வந்தது, சரியாக மூன்றே காலுக்கு வந்தது, ஐம்பது வயது ஆண்பிள்ளையின் குரலில் வந்தது, வந்தவர்கள் அதைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு இனிப்பை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்கள். இதைச் சொல்ல எனக்கே கூச்சமாக இருக்கிறது. ஆனாலும் சொல்லியாக வேண்டும்.

அந்தக் குரல் கெக்கோவுடையது. கொட்டகையில் திரைக்கு இடதுபுறம் ஒரு மேசையும் ஒரு விளக்கும் ஒரு கோப்பைத் தண்ணீரும் வைத்துக்கொண்டு, படத்தில் வருகிற பிரபுவுக்கும் திருடனுக்கும் குழந்தைக்கும் நாய்க்கும் அவரே பேசுவார். படத்தில் நடித்தவர் யார் என்று ஊரில் ஒருவருக்கும் தெரியாது, இன்றைக்குக் கெக்கோ பேசுகிறாரா என்று மட்டும் விசாரித்துவிட்டு டிக்கெட் வாங்குவார்கள். பெண்களுக்குப் பேசும்போது குரலை மெல்லியதாக்க வேண்டும் என்றெல்லாம் அவர் மெனக்கெடவில்லை. கொஞ்சம் இழுத்து, கொஞ்சம் குழைந்து, தன் கட்டைக் குரலிலேயே பேசுவார், பெண்கள் அப்படித்தான் பேச வேண்டும் என்று சபையும் சொக்கிப்போகும்.

ஒரு வருஷம் புதிதாக ஒரு படம் வந்தது. அதுவரை பெண் வேஷத்தை ஆண்களே கட்டிக்கொண்டிருக்க, இதில் கதாநாயகியாக நிஜமாகவே ஒரு பெண் நடித்திருந்தாள். முதல் இரண்டு நாள் ஊர் முகம் சுளித்தது. இவளுக்குப் பெண்ணைப் போல நடக்கத் தெரியவில்லை, முன்பு நடித்த ஆண்களிடம் இருந்த நளினம் இவளிடம் இல்லை என்று தேநீர்க் கடையில் உட்கார்ந்து பேசினார்கள், அப்படிப் பேசியவர்களில் பெண்களும் உண்டு. ஏழை வாத்தியாரின் மகளைப் பணக்கார வீட்டார் பெண் பார்க்க வருகிற கட்டம்தான் படத்தின் உயிர். மகள் மண்டியிட்டுத் தேநீர் வைக்கிறாள், அப்பா கேட்கிறார், அவள் குனிந்த தலையை நிமிர்த்திக் கண்ணை நேரே வைத்து உதட்டை அசைக்கிறாள். மற்ற இடங்களில் என்ன பேசுகிறார்கள் என்று எழுத்து அட்டை வரும், அந்த இடத்தில் அட்டை கிடையாது. அட்டை இல்லாத இடத்தில் கெக்கோ தன் கைச்சரக்கைப் போட்டார்: “அப்பாவின் சித்தம் எதுவோ அதுவே என் சித்தம்.” மூன்றாம் நாளிலிருந்து கொட்டகை நிறைந்தது. பெண்ணைப் பெற்றவர்கள் பெண்ணைக் கையோடு அழைத்துவந்து முன்வரிசையில் உட்கார வைத்தார்கள்.

பிறகு ஒரு நல்ல நாளில் அரிசிக்கடைக்காரர் மகளைப் பார்க்க வந்தார்கள். நம்மூரில் பஜ்ஜி சொஜ்ஜி, அங்கே தேநீரும் பயற்றம்பூரணம் வைத்த இனிப்பும், மற்றபடி தலை குனிவதிலும் நிமிரச் சொல்வதிலும் நடக்க வைத்துப் பார்ப்பதிலும் ஒரு வித்தியாசமும் கிடையாது, ஆகையால் அவர்களைப் பார்த்து நாம் சிரிக்க வேண்டாம். அப்பா கேட்டார், பெண் வாயைத் திறந்தாள், கெக்கோவின் கட்டைக் குரலில் “அப்பாவின் சித்தம் எதுவோ அதுவே என் சித்தம்” என்று வந்தது. பெண் தன் வாயைத் தானே பொத்திக்கொண்டாள். மாப்பிள்ளையின் பெரியப்பா மட்டும் கண்ணை மூடிக் கேட்டு, உச்சரிப்பு சுத்தமாக இருக்கிறது, இந்தக் காலத்துப் பெண்களிடம் இதைக் காண முடிவதில்லை என்றார். அன்றைக்கே பேசி முடித்தார்கள்.

அடுத்த நல்ல நாளில் இரண்டு வீடு, அதற்கடுத்த நல்ல நாளில் ஐந்து வீடு. கொட்டகையில் அந்தக் கட்டம் ஓடுகிற நேரமும் வீட்டில் பெண்ணைக் கேட்கிற நேரமும் ஒன்றாக இருந்தால்தான் குரல் வருகிறது என்று கண்டுபிடித்தவள் கல்யாணத் தரகு செய்கிற இஷிபே அம்மாள். கண்டுபிடித்துவிட்டு அவள் ஆச்சரியப்படவில்லை, கடிகாரம் வாங்கினாள். அதன்பின் மினோசேயில் பெண் பார்க்கிற எந்த வீட்டிலும் மூன்று பத்துக்குத் தேநீர் வைக்கப்பட்டது, மூன்றே காலுக்குக் கேள்வி கேட்கப்பட்டது, ஆற்றுக்கு இந்தப் பக்கம் மூன்று வீட்டிலும் அந்தப் பக்கம் இரண்டு வீட்டிலும் பவுடர் பூசிய ஐந்து கழுத்துகள் நிமிர்ந்து ஒரே நொடியில் ஒரே ஆணின் குரலில் ஒரே வாக்கியத்தைச் சொல்லின, தெருவில் நடந்துபோனவர்கள் நின்று கேட்டு இன்றைக்குக் குரல் நன்றாக எடுத்திருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். படத்தைக் கையால் சுற்றி ஓட்டுகிறவன் ஒருநாள் அவசரமாகச் சுற்றிவிட, தேநீர் வைப்பதற்கு முன்பே, பெண் உள்ளறையில் தலை வாரிக்கொண்டிருக்கும்போதே சம்மதம் வந்துவிட்டது. அதையும் ஒப்புக்கொண்டார்கள். கெக்கோவுக்குச் சளி பிடித்தால் பெண் பார்ப்பதைத் தள்ளிப்போட்டார்கள், இஞ்சிக் கஷாயம் வைத்துக்கொண்டு நாலைந்து தாய்மார்கள் அவர் வாசலில் நின்றார்கள். கோயில் குருக்களைக் கேட்டதற்கு, மங்கள வார்த்தை எந்தக் குரலில் வந்தாலும் மங்களம்தான் என்றார். இது எப்படி நடக்கிறது என்று கேட்டவர்கள் இரண்டொருவர், இது எவ்வளவு சௌகரியம் என்றவர்கள் ஊர் முழுக்க.

தோமேயின் முறை அந்த வருஷக் கடைசியில் வந்தது. தோமே என்றால் ‘நிறுத்து’ என்று அர்த்தம். நம் பக்கத்தில் போதும்பொண்ணு என்று வைப்பார்களே, அந்த மாதிரிப் பெயர். மரப்பீப்பாய் செய்கிற ஜின்பேயின் நான்காவது மகள், வயது இருபத்தொன்று, ஊர்த் தொலைபேசி நிலையத்தில் வேலை. ‘எந்த எண் வேண்டும்?’ என்று அவள் கேட்டு, கம்பியை எடுத்துச் செருகி, இன்னாரோடு இன்னாரைப் பேச வைப்பாள். ஊரில் பத்தொன்பது தொலைபேசிகள் இருந்தன. பத்தொன்பது வீட்டுக்கும் அவள் குரல் தெரியும். அந்த வேலையை அவள் எவ்வளவு விரும்பினாள் என்றால், லீவு நாளில்கூட வாசல்வரை போய்விட்டுத் திரும்புவாள்.

அவளைக் கேட்டு வந்தவன் சோயாச்சாறு காய்ச்சுகிற ஆலைக்காரன் இவாகுரா. நாற்பத்தொரு வயது. முதல் மனைவியைப் பிள்ளை இல்லை என்று ஒரே வருஷத்தில் பிறந்த வீட்டுக்குத் திருப்பி அனுப்பினான், இரண்டாவது மனைவியை அதிகம் சாப்பிடுகிறாள் என்று எட்டு மாதத்தில் அனுப்பினான். பேசும்போது சுண்டுவிரல் நகத்தால் காதைக் குடைந்து, வந்ததைப் பார்த்துவிட்டு உடையில் துடைப்பான். ஜின்பே செய்கிற பீப்பாய்களை வாங்குகிற ஒரே ஆள் அவன்தான் என்பதால் ஜின்பேயின் கண்ணில் இதெல்லாம் படவில்லை. மாப்பிள்ளை சுத்தத்தில் அக்கறை உள்ளவர் என்றுகூட ஒருநாள் சொன்னார்.

தோமே அப்பாவிடம் வேண்டாம் என்று சொன்னாள். அதைப் பெண் பார்க்கிற அன்று சொல்லிக்கொள், எல்லோர் முன்னாலும் கேட்கிறேன், உனக்கும் ஒரு வாய் இருக்கிறது அல்லவா என்றார் அவர். அன்று அந்த வாயில் யார் பேசுவார் என்று தெரிந்தேதான் சொன்னார். சொல்லிவிட்டுச் சிரித்தார் பாருங்கள், அந்தச் சிரிப்பை நான் மன்னிக்கமாட்டேன்.

அவள் நேரே கெக்கோவின் வீட்டுக்குப் போனாள். கூடம் முழுக்கத் தாய்மார்கள் கொண்டுவந்த பழக்கூடைகள், சாக்கே மதுப் புட்டிகள், பட்டுத் துண்டுகள். கெக்கோ தொண்டையில் ஈரத்துணி சுற்றி உட்கார்ந்திருந்தார். அவள் தலை வணங்கி, வருகிற நல்ல நாளில் அந்த ஒரு வரியை மட்டும் மாற்றிச் சொல்ல வேண்டும் என்று கேட்டாள்.

“படத்துல இருக்கறவ சம்மதிக்கிறாம்மா. இருக்கறதை நான் சொல்றேன்” என்றார் கெக்கோ.

“அந்த இடத்துல எழுத்து அட்டையே இல்லையே ஐயா. அவ என்ன சொல்றான்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?”

“எனக்குத் தெரிய வேண்டியதில்ல. சபைக்கு என்ன பிடிக்கும்னு தெரிஞ்சாப் போதும்.”

அன்றைக்கு இன்னும் மூன்று வீட்டில் பெண் பார்க்கிறார்கள், உனக்காக நான் மாற்றினால் நாலு வீட்டிலும் மாறும், ஊர் என்னைக் கொட்டகையோடு சேர்த்துக் கொளுத்திவிடும் என்று விளக்கினார். பிறகு அவள் எழுந்து போகாமல் உட்கார்ந்திருந்ததால், பேச ஒரு ஆள் கிடைத்த சுகத்தில் தன் கஷ்டத்தைச் சொல்ல ஆரம்பித்தார். பெண்களுக்குத்தான் கஷ்டம் என்று நினைக்கிறாயா, மூன்றே காலுக்கு உங்கள் வாயெல்லாம் என் வாயாகிவிடுகிறது, ஐந்து வீட்டுத் தேநீரும் ஒரே நேரத்தில் என் நாக்கில் நிற்கிறது, எவன் பழைய தேயிலை போட்டான், எவள் பல் விளக்காமல் வந்தாள் என்று எனக்குத் தெரிகிறது, போன மாதம் ஒருத்திக்கு வாய்ப்புண், நான் நாலு நாள் சாப்பிடவில்லை என்றார். இருபது முப்பது பெண்களின் வாயை எடுத்துக்கொண்ட மனிதர், அதில் தனக்கு ருசி சரியில்லை என்று குறைப்பட்டுக்கொண்டார். தோமே மரியாதையாக எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, மறுபடி தலை வணங்கி வெளியே வந்தாள்.

நல்ல நாள் வந்தது. ஜின்பேயின் வீட்டில் புதுப் பாய் விரித்து, இவாகுராவையும் அவன் அம்மாவையும் மேல்பக்கம் உட்கார வைத்தார்கள். இஷிபே அம்மாள் கடிகாரத்தை மடியில் வைத்துக்கொண்டாள். தோமே தேநீர் கொண்டுவந்தாள். வைத்துவிட்டு உட்காரும் முன், முகத்தைத் திருப்பி, ஒட்டரிசியை இடித்துச் செய்த பிடிகொழுக்கட்டை அளவு மோச்சி ஒன்றை முழுசாக வாயில் அடைத்துக்கொண்டாள். புத்தாண்டுக்கு அதைத் தின்னும்போது தொண்டையில் சிக்கி வருஷத்துக்கு இரண்டு பேராவது அந்த ஊரில் சாவார்கள், அவ்வளவு பசை. அன்று காலை அம்மா அதை உரலில் வழக்கத்தைவிட நெடுநேரம் இடித்தாள். எதற்கு என்று மகள் சொல்லவில்லை, தாய் கேட்கவுமில்லை.

மூன்றே கால் அடித்தது. ஜின்பே கேட்டார், தோமே நிமிர்ந்தாள், ஒன்றும் வரவில்லை.

கொட்டகையில் கெக்கோவின் தாடை ஒட்டிக்கொண்டது. காலி வாயை வைத்துக்கொண்டு மென்றார், விரலை விட்டு இழுத்தார், ஒன்றுமே இல்லாததை விழுங்க முடியாமல் மேசையைப் பிடித்துக்கொண்டு கண் பிதுங்க நின்றார். படம் தன்பாட்டுக்கு ஓடியது. முதல் தடவையாக அந்த வாத்தியார் மகள் யாருடைய குரலும் இல்லாமல் நிமிர்ந்து நேரே பார்த்து உதட்டை அசைத்தாள், அது எந்தச் சித்தமும் இல்லை, சின்ன வார்த்தை, அதை அவள் இரண்டு முறை சொன்னாள், மாட்டேன் என்கிறாள் என்று நானூறு பேருக்கும் தெரிந்தது. பெண்கள் பக்கத்தில் ஒருத்தி விம்மினாள். ஆண்கள் பக்கத்தில் பிலிம் தேய்ந்துவிட்டது, படம் தெளிவில்லை என்று கூச்சல் போட்டார்கள். வெளியே வந்தபோது எல்லோரும் பிலிம் தேய்ந்துவிட்டது என்றே பேசிக்கொண்டார்கள். விம்மியவளும் அப்படியே சொன்னாள்.

அன்று பெண் பார்த்த மற்ற மூன்று வீடுகளில் இரண்டு பெண்கள், குரல் வராததைப் பார்த்துப் பயந்துபோய், அதே வாக்கியத்தைத் தங்கள் சொந்தக் குரலில் தாங்களே சொல்லிவிட்டார்கள். மூன்றாவது பெண் தனக்குத் தாகமாக இருக்கிறது, தண்ணீர் வேண்டும் என்றாள்.

தோமே, கொட்டகையில் அந்தக் கட்டம் முடிந்திருக்கும் என்று தோன்றுகிற வரை பொறுத்திருந்தாள். பிறகு மடியிலிருந்த காகிதத்தை எடுத்து, மோச்சியை அதில் துப்பி மடித்துவைத்துவிட்டு, தினமும் பத்தொன்பது வீட்டாரும் கேட்கிற அதே குரலில், “எனக்கு இவர் வேண்டாம்” என்றாள்.

இவாகுரா காது குடைவதை நிறுத்தினான். ஜின்பேதான் முதலில் வாயைத் திறந்தார்.

“இது எம் பொண்ணு குரல் இல்ல.”

“என் குரல்தாம்ப்பா. எனக்கு இவர் வேண்டாம்.”

இஷிபே அம்மாள் பாயில் நெற்றி பட வணங்கி மாப்பிள்ளை வீட்டாரிடம் மன்னிப்புக் கேட்டாள். கொட்டகையில் ஏதோ கோளாறு போலிருக்கிறது, அதனால் வேறு எதுவோ பெண்ணின் வாயில் புகுந்துவிட்டது, கெக்கோ ஐயாவுக்குச் சரியானதும் இன்னொரு நல்ல நாளில் முறையாகச் சம்மதம் வாங்கித் தருகிறேன் என்றாள். அதற்குள் தோமே அதையே இன்னும் நாலு தடவை சொன்னாள். இவாகுரா தன் ஆலைத் தொலைபேசியில் நாளுக்கு ஆறு முறை அந்தக் குரலைக் கேட்கிறவன், அவனும் இது பெண்ணின் குரல் இல்லை என்று ஒப்புக்கொண்டான். அவன் அம்மா, குரல் கிடக்கட்டும், இடுப்பு நன்றாக இருக்கிறது என்றாள். ஒன்பதாவது தடவையும் சொல்லி முடித்தபோது அவர்கள் செருப்பு போட்டுக்கொண்டிருந்தார்கள். சமையலறையில் அம்மா உரலைக் கழுவுகிற சத்தம் கேட்டது.

கெக்கோ படுத்துவிட்டார். வைத்தியர் வந்து வாயைத் திறந்து பார்த்து, உள்ளே எதுவும் இல்லை என்று எழுதிக்கொடுத்தார். ஒரு வாரம் கழித்து எழுந்தவர், பெண்களின் வாய் காலியாக இருக்கிறது என்று உறுதி தந்தால்தான் மேடை ஏறுவேன் என்று சொல்லியனுப்பினார். ஊர் கூடியது. அரை மணி நேரத்தில் தீர்மானம் ஆயிற்று. தேநீர் வைத்த பிறகு, மூன்று பதினாலுக்கு, மாப்பிள்ளை வீட்டில் மூத்த பெண்பிள்ளை பெண்ணின் வாயில் விரலை விட்டு இரண்டு கன்னத்துக்குள்ளும் நாக்குக்கு அடியிலும் தடவிப் பார்க்க வேண்டியது. சந்தையில் மாட்டுக்குச் செய்வதுதான். மாட்டுக்காரன் பல்லை மட்டும் பார்ப்பான், இவர்கள் அத்தனையையும் பார்த்தார்கள். விரலைத் துடைக்கப் பூப்போட்ட துண்டு ஒன்று வைக்கலாம் என்று குருக்கள் யோசனை சொன்னார். இரண்டே நல்ல நாளில் அது வழக்கமாகிவிட்டது. மூன்றாவது நல்ல நாளில், காலங்காலமாக நடப்பதுதானே என்று பேச ஆரம்பித்தார்கள், பூத்துண்டு இல்லாத வீட்டைக் குறை சொன்னார்கள், பெண்கள் முந்தைய நாளே கிராம்பு மென்று வாயை மணக்க வைத்துக்கொண்டார்கள். எழுதுகிற எனக்கு வாய் கொப்பளிக்க வேண்டும் போலிருக்கிறது.

நாலாவது நல்ல நாள் தோமேக்கு. கல்யாணத்துக்குப் பெண் வேலையை விடுகிறாள் என்று ஜின்பே தொலைபேசி நிலையத்துக்கு ஒரு கடிதம் எழுதி, மறுநாள் கொண்டுபோய்க் கொடுப்பதற்காக மடித்துத் தன் இடுப்புக் கச்சையில் செருகிவைத்திருந்தார். அது தோமேக்குத் தெரியும். அன்று அவள் மோச்சியும் வைத்துக்கொள்ளவில்லை, கிராம்பும் மெல்லவில்லை. அதே பாய், அதே ஆட்கள், அதே கடிகாரம். தேநீர் வைத்துவிட்டு உட்கார்ந்தாள். இவாகுராவின் அம்மா முழங்காலால் நகர்ந்து வந்து, உடையின் கை மடிப்பைத் தூக்கிச் செருகிக்கொண்டு, வாயைத் திற என்று சொல்லாமல் இரண்டு விரலால் உதட்டைப் பிரித்தாள். இந்தக் கன்னம், அந்தக் கன்னம். அந்த விரலில் சோயாச்சாறின் புளிப்பும் தலையெண்ணெயும் இருந்தன. நாக்கைத் தூக்கி அடியில் விட்டபோது தோமே கடித்தாள்.

விளையாட்டுக் கடி இல்லை. எலும்பு தட்டுப்படுகிறவரை கடித்தாள். கிழவி கத்தியபோதும் விடவில்லை, ஜின்பே தாடையைப் பிடித்துப் பிரித்த பிறகுதான் விட்டாள். சுட்டுவிரலின் நுனி தொங்கியது. புதுப் பாயில் ரத்தம் சொட்டியது. அப்போது மூன்றே கால் அடித்தது.

கொட்டகையில் கெக்கோவின் நாக்கில் ரத்தம் கரித்தது. அவர் நிறுத்தவில்லை, நானூறு பேர் காத்திருந்தார்கள். அதனால் ஜின்பேயின் வீட்டில் தோமேயின் வாய் அவளைக் கேட்காமல் திறந்துகொண்டது, பல்லிடுக்கெல்லாம் சிவப்பாக, மோவாயில் வழிய வழிய, இழுத்துக் குழைந்த அந்தக் கட்டைக் குரல் வெகு பவ்யமாக வந்தது: “அப்பாவின் சித்தம் எதுவோ அதுவே என் சித்தம்.”

ஜின்பேயின் முகம் மலர்ந்தது. நிஜமாகவே மலர்ந்தது, நான் கூட்டிச் சொல்லவில்லை. கேட்டீர்களா, சம்மதம் வந்துவிட்டது என்று எல்லோரையும் பார்த்தார். இஷிபே அம்மாள் நேரம் சரியாக இருக்கிறது என்று கடிகாரத்தைக் காட்டினாள். பூத்துண்டைக் கிழவியின் விரலில் சுற்றி, இது சின்னக் காயம், சுப காரியத்தில் சிவப்பு நல்லது என்று சமாதானம் செய்தாள்.

இவாகுரா மட்டும் தோமேயின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான். தன் சுண்டுவிரலை மெதுவாக உடைக்குள் இழுத்துக்கொண்டான். பிறகு தரையைப் பார்த்து, பக்கத்து அறைக்குக்கூடக் கேட்காத குரலில், “வேண்டாம்” என்றான்.

இஷிபே அம்மாள் கடிகாரத்தை மூடினாள். ஜின்பே நெற்றி பாயில் பட விழுந்து மன்னிப்புக் கேட்டார், கச்சையிலிருந்த கடிதம் நழுவி ரத்தத்தில் விழுந்து பாயோடு ஒட்டிக்கொண்டது, எடுக்க வரவில்லை. ஆளுக்கொரு பக்கம் செருப்பைத் தேடினார்கள். சம்பந்தம் அந்த இடத்திலேயே முறிந்தது. தோமே புறங்கையால் வாயைத் துடைத்துக்கொண்டு, தொலைபேசி நிலையத்தில் நான்கு மணி முறைக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்தாள். அவன் அந்த வார்த்தையை ஒரே ஒரு தடவைதான் சொன்னான். அது யாருடைய குரல் என்று ஒருவரும் கேட்கவில்லை.